மைக் புடிச்ச புள்ளயோட பேரு எங்க?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஸ்கூல் பசங்க சேர்ந்து குறும்படம் எடுக்கிறதப் பத்தி உங்க பேப்பர்ல வந்தத படிச்சேன், ரொம்ப சந்தோஷமா இருந்துச்சு. ஆனா போட்டோவுலயும் பேட்டியிலயும் டைரக்டர் பையன் மட்டும்தான் இருக்கான், மத்தவங்க பேரு கூட வரல. அதான் எழுதுறேன்.

என் பொண்ணுக்கு 15 வயசு. அவளும் ஃப்ரெண்ட்ஸும் 6 பேரு சேர்ந்து லீவுல போன்லயே 5 நிமிஷ படம் ஒண்ணு எடுத்தாங்க. முதல் நாளே யாரு சத்தமா பேசுறாளோ அவதான் டைரக்டர்னு ஆயிப்போச்சு, அதிகம் வாய் தொறக்காத என் பொண்ணு கையில கம்புல கட்டுன மைக்க குடுத்து ஓரமா நிக்க வச்சிட்டாங்க. பெத்தவளுக்கு மனசு கஷ்டமாதான் இருந்துச்சு. ஆனா கடைசி நாள் எல்லாரும் பைய தூக்கிட்டு கெளம்பும்போது இவ "யாரும் பேசாதீங்க, அசையாதீங்க, 30 செகண்ட்"னு நிறுத்தி வச்சு அந்த ரூமோட வெறும் சத்தத்த ரெக்கார்ட் பண்ணா. கடிகார முள்ளு ஓடுறது, தூரத்துல போற வண்டி, அவ்ளோதான். வசனத்த வெட்டி ஒட்டுற எடத்துல அத அடியில போடலன்னா சத்தம் திடீர் திடீர்னு செத்துப்போற மாதிரி கேக்கும்னு எடிட்டிங்ல பாத்தப்பதான் எனக்கே தெரிஞ்சுது.

அந்த எடிட்டிங்ல டைரக்டர் பொண்ணும் கூட உக்காந்தா. ரெண்டு பேரு எதிரெதிரா பேசுற சீன்ல கேமராவ ஒரு தடவ அவங்களுக்கு இந்தப் பக்கமும் ஒரு தடவ அந்தப் பக்கமும் வச்சு எடுத்திருக்காங்க, ஸ்க்ரீன்ல பாத்தா ரெண்டு பேரும் ஒரே தெசையப் பாத்து பேசுறாங்க. அப்புறம் ஒரு ஷாட்டுக்கு அவசரத்துல கிளாப் (படத்தையும் சத்தத்தையும் சேக்குறதுக்கு அடையாளமா அடிக்கிற தட்டு) அடிக்காம விட்டுட்டாங்க, போன் வீடியோ தனி, மைக் சத்தம் தனி, செகண்டுக்கு 24 ஃப்ரேம், அதாவது 24 தனித்தனி படம், ஒவ்வொரு ஃப்ரேமா தள்ளி உதட்டசைவ வச்சு சேக்குறதுக்குள்ள சாயங்காலமே போயிடுச்சு. அந்த பொண்ணு கண்ணுல தண்ணியே வந்திருச்சு. இத எடிட் பண்றவங்க மட்டும் அனுபவிச்சிருந்தா டைரக்டருக்கு எப்படி தெரியும் சொல்லுங்க?

இப்ப ரெண்டாவது படம் ஆரம்பிச்சிருக்காங்க, வேலைய மாத்திக்கிட்டாங்க. என் பொண்ணு கேமரா, போன தடவ டைரக்ட் பண்ணவ இப்ப மைக். சொல்லிக் குடுக்கிற டீச்சர்களும் முதல்லயே ஒவ்வொரு புள்ளைக்கும் ஒரு வேலைய முத்திர குத்திடாம, ரெண்டு நிமிஷ படமா நாலு எடுக்க வச்சு வேலைய சுத்தி விடுங்க, ப்ளீஸ். போட்டி நடத்துறவங்க சர்டிபிகேட்ட டைரக்டருக்கு மட்டும் குடுக்காம டீம்ல இருக்கிற எல்லாருக்கும் குடுக்கணும். நீங்களும் அடுத்த தடவ போட்டோ போடும்போது அந்த மைக் புடிச்ச புள்ளயோட பேரையும் சேத்து போடுங்க.

இப்படிக்கு,
உங்கள் வாசகி