ஜெரோனிமோ கட்டுரையில் விடுபட்ட சிப்பாய்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அப்பாச்சிப் பழங்குடிப் போர்வீரர் ஜெரோனிமோவைப் பற்றிச் சென்ற ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். அமெரிக்கத் தென்மேற்கில் நடந்த அப்பாச்சிப் போர்களுக்கு ஒரு முழுப் பக்கம் ஒதுக்கியதற்கு நன்றி. ஆனால் கட்டுரையின் கடைசிப் பத்தியில் வந்த ஒரு வரி என்னை உறுத்திக்கொண்டே இருக்கிறது. ஐயாயிரம் சிப்பாய்கள் சேர்ந்து ஜெரோனிமோவை மடக்கினார்கள் என்றும், "கூலிக்கு விலைபோன சொந்த இனத்துரோகிகள்" சிலர் அதற்கு உதவினார்கள் என்றும் எழுதியிருக்கிறீர்கள். அந்த "சிலர்" ராணுவச் சிப்பாய்கள். அவர்களுக்குப் பெயர் உண்டு. போர் முடிந்த பிறகு அவர்களுக்கு என்ன நடந்தது என்பதைச் சொல்லாமல் துரோகி என்று மட்டும் எழுதிவிட்டுப் போவது நியாயமில்லை.

நான் இந்திய ராணுவத்தில் சிக்னல்ஸ் பிரிவில் பணியாற்றி சுபேதாராக ஓய்வு பெற்றவன். மகன் அரிசோனா மாநிலத்தில் வேலை பார்க்கிறான். அவன் வீட்டுக்குப் போயிருந்தபோது அப்பாச்சிப் போர்க் காலத்து ராணுவ முகாமான போவி கோட்டையைப் பார்க்க வேண்டும் என்று நான்தான் அடம்பிடித்தேன். அதற்குக் காரணம் ஹீலியோகிராஃப். கண்ணாடியில் சூரிய ஒளியைப் பிடித்து மோர்ஸ் குறியீட்டில் செய்தி அனுப்பும் அந்தக் கருவியை, கராச்சியில் தந்தித் துறையில் இருந்த ஹென்றி மான்ஸ் என்ற ஆங்கிலேயர் உருவாக்கினார். அதே கருவியை 1886இல், ஜெரோனிமோவைத் தேடிய அமெரிக்கப் படைக்குத் தலைமை தாங்கிய ஜெனரல் நெல்சன் மைல்ஸ் அரிசோனா, நியூ மெக்சிகோ மலை உச்சிகளில் 27 நிலையங்களாக நிறுத்தினார். போவி கோட்டைக்கு மேலே இருக்கும் சிகரத்திலும் ஒன்று இருந்தது. வெயிலுக்குப் பஞ்சமில்லாத ஊர், மேகம் அபூர்வம், மலைக்கு மலை கண்ணுக்கு எட்டும். சிக்னல்ஸ்காரனுக்கு அதைவிட நல்ல களம் கிடையாது.

வேலூர்க் கோட்டையின் அகழியையும் மதிலையும் பார்த்து வளர்ந்த எனக்கு, போவி கோட்டை முதல் பார்வையில் ஏமாற்றம்தான். அங்கே மதிலே கிடையாது, எப்போதுமே இருந்ததில்லையாம். பச்சை மண் செங்கல்லால் கட்டிய பாசறைகள், அதிகாரிகள் வீடுகள், லாயம், நடுவில் பரேடு மைதானம், அவ்வளவுதான். இப்போது இடுப்பளவு மண்சுவர்கள் மட்டும் நிற்கின்றன. மழை கரைக்காமல் இருக்க மேலே சுண்ணாம்புப் பூச்சு பூசியிருக்கிறார்கள். காரை நிறுத்திவிட்டு இரண்டரைக் கிலோமீட்டர் நடந்துதான் போக வேண்டும். வழியில் ஒரு சிறிய கல்லறைத் தோட்டம். அங்கே ஜெரோனிமோவின் இரண்டு வயது மகனுக்கும் ஒரு பலகை இருக்கிறது. கொஞ்சம் தள்ளி ஒரு ஊற்று, இன்றும் ஈரமாக ஓடுகிறது. இந்த ஊற்றுக்காகத்தான் கோட்டையே வந்தது. தபால் வண்டிக்கும் படைக்கும் கோட்டை இருக்கும் கணவாயில் வேறு தண்ணீர் இல்லை, அப்பாச்சிகளுக்கும் அதே தண்ணீர்தான்.

இந்தக் கணவாயில்தான் சண்டை மூண்டது. 1861 பிப்ரவரியில் லெப்டினன்ட் ஜார்ஜ் பாஸ்கம், ஒரு பண்ணையிலிருந்து கடத்தப்பட்ட ஒரு சிறுவனைத் தேடி வந்தார். அப்பாச்சிகளில் ஒரு பிரிவான சிரிக்காவா மக்களின் தலைவர் கொச்சீஸ் பேச வந்தபோது அவரைக் கூடாரத்துக்குள்ளேயே சிறைபிடிக்கப் பார்த்தார். கொச்சீஸ் கத்தியால் கூடாரத் துணியைக் கிழித்துக்கொண்டு தப்பினார். அவரோடு வந்தவர்கள் மாட்டிக்கொண்டார்கள். இரண்டு பக்கமும் பிணைக்கைதிகளைக் கொன்றார்கள். ராணுவம் தூக்கிலிட்ட ஆறு பேரில் கொச்சீஸின் தம்பியும் ஒருவர். சிறுவனைக் கடத்தியது கொச்சீஸின் ஆட்களே இல்லை, வேறு ஒரு அப்பாச்சிக் கூட்டம். அந்தச் சிறுவன் பிழைத்து, அப்பாச்சிகளிடமே வளர்ந்து, பின்னாளில் மிக்கி ஃப்ரீ என்ற பெயரில் அதே ராணுவத்துக்கு மொழிபெயர்ப்பாளராக வேலை செய்தான். கொச்சீஸோடு சமாதானம் வர 1872 ஆகிவிட்டது. இதற்கிடையே 1863 ஜனவரியில், பேச்சுவார்த்தைக்கு என்று வந்த முதிய தலைவர் மாங்காஸ் கொலராடாஸைக் காவலில் வைத்து, இரவில் சுட்டுக் கொன்றார்கள். சமாதானம் பேசக் கூப்பிட்டால் நம்பிப் போகலாமா என்ற கேள்வி அந்த மக்களுக்கு எங்கிருந்து வந்தது என்று இதிலிருந்து தெரியும்.

சரி, என் விஷயத்துக்கு வருகிறேன். மைல்ஸுக்கு முன்பு அரிசோனாவில் படைக்குத் தலைமை தாங்கிய ஜெனரல் ஜார்ஜ் குரூக் ஒன்றைப் புரிந்துவைத்திருந்தார். அப்பாச்சியின் தடத்தை அப்பாச்சியால்தான் பிடிக்க முடியும். அதனால் அவர்களையே ஆறு ஆறு மாதத்துக்குப் படையில் சேர்த்தார். ஸ்கவுட் என்று பெயர். தடம் பார்ப்பது, முன்னால் போய் உளவறிவது, சண்டை வந்தால் சண்டை போடுவது எல்லாம் அவர்கள் வேலை. மற்ற சிப்பாயைப் போல மாதம் 13 டாலர் சம்பளம். தலையில் சிவப்புத் துணி கட்டியிருப்பார்கள், எதிரி என்று நினைத்துச் சொந்தப் படையே சுட்டுவிடக் கூடாது என்பதற்காக. 1872-73 குளிர்காலப் படையெடுப்பில் காட்டிய வீரத்துக்காகப் பத்து அப்பாச்சி ஸ்கவுட்டுகளுக்கு அந்த நாட்டின் மிக உயர்ந்த படைவீரப் பதக்கம் கிடைத்தது. நம் பரம்வீர் சக்ராவுக்கு இணையானது அது. இப்படிக் கையெழுத்துப் போட்டுச் சேர்ந்து, சம்பளப் பட்டியலில் பெயரோடு இருந்தவர்களைக் கூலியாட்கள் என்று எந்தச் சிப்பாயும் சொல்ல மாட்டான்.

இப்போது 1886. ஐயாயிரம் சிப்பாய்கள் தேடியது உண்மை. தேடப்பட்டவர்கள் பெண்கள், குழந்தைகளையும் சேர்த்து நாற்பது பேருக்கும் குறைவு. கோடைக்காலம் முழுக்க மெக்சிகோவின் சியாரா மாட்ரே மலைகளில் குதிரைகளும் ஆட்களும் துவண்டுபோனார்கள். யாரும் ஜெரோனிமோவை மடக்கவில்லை. மலை உச்சியில் கண்ணாடிகள் மின்னிக்கொண்டே இருந்தன, அவற்றால் அவர்களைப் பிடிக்க முடியவில்லை. என் தொழிலுக்குரிய கருவி என்பதால் அதன் பெருமையைக் குறைத்துச் சொல்ல எனக்கு ஆசையில்லை, ஆனாலும் நடந்தது இதுதான்.

முடித்துவைத்தவர்கள் இரண்டு சிரிக்காவா மனிதர்கள், மார்ட்டீன், காயிட்டா. ஜெரோனிமோவின் கூட்டத்தில் அவர்களுக்கு உறவினர்கள் இருந்தார்கள். உடல்நலம் குன்றியிருந்த லெப்டினன்ட் சார்லஸ் கேட்வுட்டோடு அவர்களை அனுப்பினார்கள். ஆகஸ்டு கடைசியில், சொனோரா மாகாணத்தில் பவிஸ்பே ஆற்றுப் பக்கம், மாவு மூட்டைத் துணியை ஒரு கம்பில் கட்டி வெள்ளைக் கொடியாகப் பிடித்துக்கொண்டு, இரண்டு பேரும் மலை மேலே நடந்தார்கள். மேலே துப்பாக்கிகள் அவர்களைக் குறிபார்த்துக்கொண்டிருந்தன. சுட்டுவிடலாம் என்று பேச்சு எழுந்ததும், உறவினர்கள் தடுத்ததும் அப்பாச்சி முதியவர்களின் வாய்மொழியில் பதிவாகியிருக்கிறது. காயிட்டாவைத் தங்களிடமே நிறுத்திக்கொண்டு மார்ட்டீனை மட்டும் பதிலோடு திருப்பி அனுப்பினார்கள். நானும் எல்லையில் இருந்திருக்கிறேன். கூட ஒரு படை இல்லாமல், துப்பாக்கி நீட்டியிருக்கும் இடத்துக்கு மேட்டில் ஏறி நடப்பது என்றால் என்னவென்று எனக்குத் தெரியும்.

அடுத்து கேட்வுட் புகையிலையோடு வந்து உட்கார்ந்து பேசினார். உங்கள் மக்களையெல்லாம் புளோரிடாவுக்கு அனுப்புகிறார்கள், இங்கே உங்களுக்கு யாரும் இல்லை என்றார். ஜெரோனிமோவோடு இருந்த தலைவரும் கொச்சீஸின் மகனுமான நைச்சேவின் தாயும் மகளும் அதில் இருந்தார்கள். அந்தச் செய்தி கேட்டுத்தான் அவர்கள் மனம் உடைந்தது. செப்டம்பர் 4ஆம் தேதி ஸ்கெலிட்டன் பள்ளத்தாக்கில் மைல்ஸிடம் சரணடைந்தார்கள். ஐந்து நாளில் குடும்பத்தைப் பார்க்கலாம் என்று மைல்ஸ் வாக்குக் கொடுத்தார். ஜெரோனிமோவோடு அனுப்பப்பட்ட ஆண்கள் தங்கள் மனைவி மக்களைப் பார்த்தது அடுத்த வருடம் ஏப்ரலில்.

செப்டம்பர் 8ஆம் தேதி போவி கோட்டையின் பரேடு மைதானத்திலிருந்து வண்டிகளில் ஏற்றினார்கள். நான்காவது குதிரைப்படையின் பேண்டு "ஆல்ட் லாங் சைன்" வாசித்தது. சென்னைப் பரங்கிமலையில் அதிகாரிகள் பயிற்சி முடிந்து வெளியேறும் அணிவகுப்பில் வாசிக்கும் அதே பாட்டு. பழைய தோழமையை மறக்காதே என்று பொருள்படும் பாட்டு. அதை வாசித்துக்கொண்டே ஏற்றிய கூட்டத்தில் மார்ட்டீனும் காயிட்டாவும் இருந்தார்கள். கைதிகளாக! மலை ஏறிப்போய் அழைத்துவந்தவர்களையும், அழைத்துவரப்பட்டவர்களோடு சேர்த்து அதே ரயிலில் புளோரிடாவுக்கு அனுப்பினார்கள். அந்த மைதானத்தில் நின்றபோது இந்த ஒன்றை என்னால் தாங்க முடியவில்லை. மகன் தண்ணீர் பாட்டிலை நீட்டினான், வாங்கக்கூடத் தோன்றவில்லை.

இவர்கள் இரண்டு பேர் மட்டும் என்றால்கூட ஏதோ தவறு நடந்துவிட்டது என்று விட்டுவிடலாம். பழங்குடியினருக்கென்று அரசாங்கம் ஒதுக்கிய நிலப்பகுதியான ஒதுக்கிடத்தை விட்டு ஜெரோனிமோ 1885 மே மாதம் கிளம்பியபோது சிரிக்காவா மக்களில் பெரும்பகுதியினர் போகவில்லை. அப்பாச்சி கோட்டைக்குப் பக்கத்திலேயே இருந்து விவசாயம் செய்தார்கள். அவர்களில் பலர் ஸ்கவுட்டாகச் சேர்ந்து ஜெரோனிமோவைத் தேடிப் போனவர்கள். 1886 செப்டம்பரில், வழக்கமான தலை எண்ணிக்கைக்கு என்று வரச்சொல்லி, அவர்களைச் சுற்றிவளைத்து, ஹோல்புரூக் ரயில் நிலையம் வரை நடத்திக்கொண்டுபோய் ஏற்றினார்கள். பெண்களும் குழந்தைகளுமாகக் கிட்டத்தட்ட நானூறு பேர். மறு வருடம் புளோரிடாவின் மரியன் கோட்டைக்குப் போய்ப் பார்த்தவர்கள் ஒரு கணக்கு எழுதினார்கள். அங்கே அடைக்கப்பட்டிருந்த 82 ஆண்களில் 65 பேர், ஜெரோனிமோ வெளியே இருந்த காலத்தில் அரசாங்கத்துக்கு ஸ்கவுட்டாக வேலை செய்தவர்கள்.

சாட்டோ என்ற சிரிக்காவா ஸ்கவுட்டைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். அவர் புனிதர் கிடையாது. 1883 மார்ச்சில் அவர் நடத்திய தாக்குதலில் ஒரு நீதிபதியும் மனைவியும் கொல்லப்பட்டார்கள். அவர்களுடைய சிறு மகனைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அப்புறம் சரணடைந்து, படையில் சேர்ந்து, ஸ்கவுட்டுகளின் சார்ஜென்ட் ஆனார். அவருடைய மனைவி, பிள்ளைகளை மெக்சிகர்கள் பிடித்துவைத்திருந்தார்கள். அவர்களை மீட்டுத் தரும்படிதான் 1886 கோடையில் வாஷிங்டன் வரை போய்க் கேட்டார். பெரிய வெள்ளிப் பதக்கம் ஒன்றைக் கொடுத்து அனுப்பினார்கள். திரும்பும் வழியில் கான்சாஸில் நிறுத்தி, அங்கிருந்து நேராக மரியன் கோட்டைக்குக் கொண்டுபோய்விட்டார்கள். 1890இல் குரூக், கைதிகள் அப்போது மாற்றப்பட்டிருந்த அலபாமாவின் மவுண்ட் வெர்னான் பாசறைக்குப் போய்ப் பழைய ஸ்கவுட்டுகளைச் சந்தித்தபோது, சாட்டோ அந்தப் பதக்கத்தைக் காட்டி, காவலில் போட்டுக்கொள்ளத்தானா இதைக் கொடுத்தார்கள் என்று கேட்டார். குரூக் இவர்களுக்காக வாஷிங்டனில் வாதாடினார். அதே வருடம் மார்ச்சில் இறந்துபோனார்.

இன்னொன்று. 1891இல் மவுண்ட் வெர்னானில் இருந்த கைதிகளிலிருந்தே ஆள் எடுத்து, 12ஆம் காலாட்படையில் ஒரு கம்பெனி அமைத்தார்கள். பகலில் அமெரிக்க ராணுவச் சீருடை, அணிவகுப்பு, சல்யூட் எல்லாம் உண்டு. ஏட்டில் போர்க்கைதி. பாசறையில் காசநோய் வாரிக்கொண்டு போனது. பிள்ளைகளைப் பென்சில்வேனியாவில் இருந்த கார்லைல் உறைவிடப் பள்ளிக்குப் பிரித்து அனுப்பினார்கள், நோயோடு திரும்பியவர்களும் உண்டு, திரும்பாதவர்களும் உண்டு. 1894இல் எல்லோரையும் ஓக்லஹோமாவின் சில் கோட்டைக்கு மாற்றினார்கள். ஜெரோனிமோ 1909இல் அங்கேயே கைதியாக இறந்தார். மிச்சமிருந்தவர்களை விடுவிக்க 1913 ஆனது. 27 வருடம்! அரிசோனாவுக்குத் திரும்ப அப்போதும் அனுமதி இல்லை. பெரும்பாலானோர் நியூ மெக்சிகோவின் மெஸ்கலேரோ ஒதுக்கிடத்துக்குப் போனார்கள். சாட்டோ, மார்ட்டீன், காயிட்டா மூவரும் போனது அங்கேதான்.

ஓய்வுபெற்றவர்கள் வீட்டில் டிஸ்சார்ஜ் புத்தகம் எங்கே இருக்கிறது என்று கேட்டுப்பாருங்கள். ட்ரங்குப் பெட்டியில், பட்டுப்புடவைக்குப் பக்கத்தில் இருக்கும். எத்தனை வருடம் உழைத்தான், எப்படி நடந்துகொண்டான் என்று அரசாங்கம் எழுதிக் கொடுத்த சாட்சி அது. அந்த ஸ்கவுட்டுகளும் அப்படிப்பட்ட காகிதத்தை வாங்கியவர்கள்தான். வாங்கிய கையோடு, எழுதிக் கொடுத்தவனே கைதியாக ஏற்றினான்.

அவர்கள் செய்தது சரியா என்று அவர்கள் மக்களுக்குள்ளேயே இன்றுவரை மனவருத்தம் உண்டு என்பது எனக்குத் தெரியும். சாட்டோவை மன்னிக்காமலே இறந்தவர்கள் உண்டு. அந்தத் தீர்ப்பைச் சொல்லும் உரிமை அந்த மக்களுக்கு உண்டு. ஆனால் பட்டினியும் துரத்தலும் முடிந்தால் போதும், மீதியுள்ள குழந்தைகளாவது பிழைக்கட்டும் என்று நினைத்து மலை ஏறியவனை, இங்கே வேலூரிலும் சென்னையிலும் உட்கார்ந்துகொண்டு நாம் ஒரே வார்த்தையில் துரோகி என்று எழுதக் கூடாது. துரோகம் என்று ஒன்றைச் சுட்டிக்காட்ட வேண்டுமானால், தன் சீருடையைப் போட்டுக்கொண்டவர்களை ரயிலில் ஏற்றிய ராணுவத் தலைமையையும் வாஷிங்டனையும் காட்டுங்கள்.

கட்டுரையின் இரண்டாம் பகுதி வரும் என்று அறிவித்திருக்கிறீர்கள். அதில் அந்த வரிக்கு ஒரு திருத்தம் போடும்படியும், மார்ட்டீன், காயிட்டா, சாட்டோ என்ற மூன்று பெயர்களையும், 82இல் 65 என்ற கணக்கையும் சேர்க்கும்படியும் கேட்டுக்கொள்கிறேன். பதக்கம் அணிந்த சாட்டோவின் புகைப்படமும் இருக்கிறது. ஜெரோனிமோ துப்பாக்கியோடு முழங்காலிட்டிருக்கும் படத்தைச் சென்ற வாரமே போட்டுவிட்டீர்கள், இந்த முறை இதைப் போடலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சுபேதார் (சிக்னல்ஸ்),
வேலூர் மாவட்டம்