நகையைக் கொடுத்துவிட்டேன்

அன்புள்ள தம்பிக்கு,

நேற்று பேங்குக்குப் போய் லாக்கரைத் திறந்து, என் மருமகளின் நகை 31 பவுனையும் எடுத்துவந்து, நம் வக்கீலம்மா ஆபீசில் வைத்து அவள் கையிலேயே கொடுத்துவிட்டேன். ரசீதும் வாங்கியிருக்கிறேன். போனில் சொன்னால் நீ கத்துவாய், நானும் பதிலுக்கு ஏதாவது சொல்லிவிடுவேன். அதனால்தான் எழுதுகிறேன்.

"விவாகரத்துக்கு அவள் ரெண்டாவது தடவையும் கோர்ட்டில் கையெழுத்துப் போடட்டும், அப்புறம் கொடுக்கலாம்" என்று நீ சொன்னதை நான் மறக்கவில்லை. நம் கையில் பிடி இல்லாவிட்டால் அவள் மனசு மாறிவிடுவாள் என்று பயப்படுகிறாய். மாறட்டுமே. நீயும்தான் மாறலாம். நீங்கள் சேர்ந்து விவாகரத்து மனு போட்டுவிட்டதாலேயே யாரும் கட்டுப்பட்டுவிடவில்லை. தீர்ப்பு வரும்வரை இரண்டு பேரில் யார் வேண்டுமானாலும் சம்மதத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம் என்று 1991லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறதாம். மிரட்டலோ ஏமாற்றோ இல்லாமல் தானாக வந்த சம்மதம்தானா என்று ஜட்ஜ் பார்க்க வேண்டும். அவர் கேட்கிற நேரத்தில் அவள் நகை என் லாக்கரில் கிடந்தால், அந்தக் கையெழுத்துக்குப் பேர் சம்மதமா, அடகு மீட்பா?

அடகு என்றதும் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அப்பாவுக்கு பைபாஸ் செய்தபோது பணம் குறைந்தது. எப்படிச் சமாளித்தேன் என்று நீ கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அவள் ஆரத்தைக் கழற்றிக் கொடுத்தாள். நான் வாயைத் திறந்து கேட்கவே இல்லை. "அவங்ககிட்ட சொல்ல வேண்டாம் அத்தை" என்றாள். வட்டி கட்டிக் கட்டி, போன மாசம்தான் மீட்டேன். 2023 ஆடியில் அவள் உன்னைப் பிரிந்து திண்டுக்கல்லுக்குப் போன பிறகும் அந்த ஆரம் அடகுக் கடையில்தான் இருந்தது. ஒரு வார்த்தை கேட்கவில்லை. நீ அவளைக் கெட்டிக்காரி, கணக்குப் பார்க்கிறவள் என்கிறாய்.

வக்கீலம்மா இன்னொன்றும் சொன்னார். பெண்ணுக்குப் போட்ட நகை அவளுடைய சொத்து. மாமியார் வீட்டில் இருந்தால் நாம் வெறும் காவல்காரர்கள்தான். அவள் கேட்டும் கொடுக்காவிட்டால் நம்பிக்கை மோசடி என்று கிரிமினல் கேஸே போடலாம். 1985லேயே தீர்ப்பு இருக்கிறதாம். இந்த வயசில் எனக்கு அது தேவையா? கேஸுக்குப் பயந்து கொடுத்தேன் என்று நினைத்துவிடாதே. பயம் பத்தில் ஒரு பங்குதான்.

ரெண்டாவது கையெழுத்துக்கு ஆறு மாசம் காத்திருக்க முடியாது, அந்தக் காத்திருப்பு வேண்டாம் என்று கேட்டு மனு போடுங்கள் என்று சொன்னதும் நீதான். உச்ச நீதிமன்றத்தின் 2017 தீர்ப்புப்படி அதைக் கேட்கலாம். பிரிந்து ஒன்றரை வருஷம் தாண்டியிருக்க வேண்டும், சமரசம் பேசிப் பார்த்துத் தோற்றிருக்க வேண்டும். இரண்டும் சரி. கொடுக்கல் வாங்கல் எல்லாம் உண்மையாகவே முடிந்திருக்க வேண்டும் என்பதும் அதில் உண்டு. நகையை வைத்துக்கொண்டு அதை எப்படிச் சொல்வாய்? ஜீவனாம்சம் வேண்டாம், என் நகை போதும் என்றுதான் அவள் எழுதிக் கொடுத்திருக்கிறாள். பீரோ, கட்டிலுக்கெல்லாம் மல்லுக்கு நிற்காதே. கட்டில் கால் ஆடுகிறது, யார் எடுத்தாலும் முதலில் ஆசாரியிடம்தான் போக வேண்டும்.

எங்கள் பெரியம்மா காலத்தில் பிரிய வேண்டுமென்றால் ஒருவர் மேல் ஒருவர் குற்றம் சொல்லி நிரூபிக்க வேண்டும். 1955 இந்து திருமணச் சட்டத்தில், இரண்டு பேரும் சம்மதித்துப் பிரிகிற இந்த 13பி பிரிவு கிடையாது, 1976ல்தான் சேர்த்தார்கள். சேற்றை வாரி இறைக்காமல் பிரிய ஒரு வழி இருக்கிறது. அதிலும் போய்ச் சேறு தேடாதே.

அப்புறம், உனக்குப் பதிலாக என்னைக் கோர்ட்டுக்குப் போகச் சொன்னாய். தகுந்த காரணம் இருந்தால் அப்பா அம்மா போகலாம், வீடியோவில்கூடப் பேசலாம் என்கிறார்கள். உன் காரணம் என்ன? ஆபீஸ்தானே. பெங்களூரிலிருந்து ஒரு ராத்திரி பஸ். கல்யாணம் மதுரையில் நடந்தபோது பத்து நாள் லீவு போட்டாய். இதற்கு ஒரு நாள் போடு. நான் போக மாட்டேன்.

கொடுக்கல் வாங்கல் லிஸ்டில் ஒரு வரி மட்டும் டிக் அடிக்காமல் நின்றது. தாலிக்கொடி. அது நாம் போட்டது. நேற்று அதை ஒரு சின்ன டப்பாவில் கொண்டுவந்திருந்தாள். நான் வாங்கவில்லை. தீர்ப்புத் தேதியிலிருந்துதான் கல்யாணம் ரத்து, அதுவரை நீ என் மருமகள் என்று சொல்லித் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அதற்குப் பிறகு என்ன செய்வது என்று நீங்கள் இரண்டு பேரும் பேசிக்கொள்ளுங்கள்.

புதன்கிழமை பத்தரைக்குக் கூப்பிடுவார்களாம். மாட்டுத்தாவணியில் இறங்கியதும் நேராக வீட்டுக்கு வா. குளித்துச் சாப்பிட்டுவிட்டுப் போகலாம். ரசீதின் நகல் ஒன்று உனக்காகப் பீரோவில் வைத்திருக்கிறேன்.

அம்மா