கோரிக்கை மனு: உபரிநீர் வாய்க்கால் ஆக்கிரமிப்பை அளந்து அகற்றக் கோரி

அனுப்புநர்: வாய்க்கால் கரைத் தெருவில் குடியிருப்போர்
பெறுநர்: வட்டாட்சியர் அவர்கள்

மதிப்பிற்குரிய ஐயா, வணக்கம்.

ஏரி நிரம்பி வழியும் கலங்கலிலிருந்து ஆற்றுக்குப் போகும் வாய்க்காலைப் பற்றித் தங்களுக்கு நாங்கள் விளக்க வேண்டியதில்லை. போன மழையின்போது தாங்களே பாலத்தில் நின்று பார்த்தீர்கள். முன்பு கொடுத்த மனுக்களுக்கு ரசீது வந்தது, பதில் வரவில்லை. அதனால் மறுபடியும் பணிவுடன் எழுதுகிறோம்.

1. வருவாய்த் துறையின் நிலப் பதிவேடான 'அ' பதிவேட்டில் அந்த வாய்க்கால் இடம் இன்றைக்கும் வாய்க்கால் புறம்போக்குதான். நில அளவை வரைபடமான புலப்படத்தில் பாலத்துக்கு முன்னும் பின்னும் ஒரே அகலம். தரையில் பார்த்தால், பாலம் தாண்டியதுமே கட்டட இடிபாடுகளைக் கொட்டி மேடாக்கி, தண்ணீர் போக ஒற்றைச் சிமெண்ட் குழாயைப் பதித்து, அதன்மேல் மதில் எழுப்பியிருக்கிறார்கள். எல்லைக்கல்லைக் காணோம்.

2. 1905-ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி நீர்வழிகள் அரசின் சொத்து. 7-ஆவது பிரிவில் விளக்கம் கேட்டு நோட்டீஸ், 6-ஆவது பிரிவில் வெளியேற்றம், இரண்டும் தங்கள் அதிகாரத்துக்குள்தான் வருகின்றன. வீட்டு வரி ரசீதும் மின் இணைப்பும் பட்டா ஆகிவிடாது. பல வருடமாக இடத்தை அனுபவித்து வருகிறார்கள், லட்சக்கணக்கில் செலவழித்துக் கட்டிவிட்டார்கள் என்பதெல்லாம் காரணமாகாது என்று 2011-இல் ஜக்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது.

3. மழை வந்தால் எங்களுக்கு என்ன ஆகிறது என்பதைத்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும். குழாய் கொள்ளாத தண்ணீர் எதிர்த்துத் தெருவுக்கு ஏறுகிறது, ஏறினால் நாள்கணக்கில் வடிவதில்லை, அப்புறம் செப்டிக் தொட்டிகள் நிரம்பிக் கழிப்பறைக் கோப்பை வழியாகவே கழிவு மேலே வருகிறது. சாக்கை மணலோடு கட்டிக் கோப்பையில் அடைத்து வைத்திருக்கிறோம். பெண்கள் இருட்டும்வரை அடக்கிக்கொண்டு, தண்ணீர் குடிப்பதையே குறைத்துக்கொள்கிறார்கள். மாதவிடாய் நாளில் என்ன செய்வது? படுக்கையில் கிடக்கும் முதியவரை அந்தத் தண்ணீருக்குள் எங்கே தூக்கிப் போவது? அலுவலகத்தில் இதைச் சொன்னால் "மோட்டார் அனுப்புகிறோம்" என்கிறார்கள். இறைத்த தண்ணீரை எங்கே விடுவார்கள், ஐயா? அதே வாய்க்காலில்தானே! அது அதே குழாயில் முட்டி மறுபடி எங்கள் வாசலுக்குத்தான் வருகிறது.

4. வழக்கு இருக்கிறது, அதனால் தொட முடியாது என்கிறார்கள். சரி, தடையாணை இருந்தால் வழக்கு எண்ணையாவது கொடுங்கள். வழக்கு இருப்பது வேறு, தடை இருப்பது வேறு என்பது எங்களுக்கும் தெரியும். கரையோரக் குடிசைகளை நோட்டீஸ் ஒட்டிய சூட்டோடு சூடாகப் பிரித்தீர்களே, அன்றைக்கு எந்தச் சிக்கலும் வரவில்லை. மதில் சுவர் என்றால் மட்டும் சர்வேயர் விடுப்பில் போய்விடுகிறார், கோப்பு மேசை மாறிவிடுகிறது. குடிசைக்காரர்களுக்கு மாற்று இடம் கொடுத்திருக்க வேண்டும் என்பதே எங்கள் எண்ணம், அது தனிக் கதை.

5. தங்களால் உடனே முடியாதென்றால் கோட்டாட்சியருக்கு ஓர் அறிக்கை அனுப்புங்கள். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133, இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152, பொதுமக்கள் பயன்படுத்தும் வாய்க்காலில் உள்ள தடையை அகற்றச் சொல்லி உத்தரவிட அவருக்கு அதிகாரம் தருகிறது. அதையும் செய்யாவிட்டால் உயர் நீதிமன்றத்தில் பொதுநல மனுதான் போட வேண்டும். கூலி வேலைக்குப் போகிற எங்களை அதுவரை அலையவிட வேண்டுமா?

ஆகவே ஐயா, இரு தரப்புக்கும் முன்கூட்டியே தகவல் கொடுத்து அளந்து, கல் நட்டு, மதிலையும் மண்மேட்டையும் குழாயையும் அகற்றித் தருமாறு வேண்டுகிறோம். மழைக்கு முன்னால் அளந்துவிடுங்கள், மறுபடியும் கேட்டுக்கொள்கிறோம், மழைக்கு முன்னால். "பரிசீலனையில் உள்ளது" என்று எழுதி அனுப்பாமல், சர்வேயர் வரும் தேதியை எழுதி அனுப்புங்கள். அன்றைக்கு அளவுச் சங்கிலி பிடிக்க ஆள் வேண்டுமென்றால் நாங்களே வருகிறோம்.

இப்படிக்கு,
வாய்க்கால் கரைத் தெரு மக்கள்
(கையெழுத்துகளும் கைநாட்டுகளும் பின்பக்கம்)