சாம்பலைக் கொத்திப் புதைத்தவர்

ஆசிரியருக்கு வணக்கம்.

மகளைப் பார்க்கச் சிட்னி வந்திருக்கிறேன். அவள் குடியிருக்கும் ஹாரிஸ் பார்க்கில், நம்மவர் சாப்பாட்டுக் கடைகளைத் தாண்டிக் கொஞ்சம் நடந்தால் 'எக்ஸ்பெரிமென்ட் ஃபார்ம்' என்ற பழைய பண்ணை வருகிறது. அங்கே இப்போதுள்ள வீடு பிறகு வந்தது. நிலத்தைத் திருத்தியவர் ஜேம்ஸ் ரூஸ். திருட்டுக் குற்றத்துக்கு ஏழாண்டு தண்டனை பெற்று, 1788இல் முதல் கைதிக் கப்பல்களில் இங்கே வந்த இங்கிலாந்தின் கார்ன்வால்காரர்.

ஏர் இல்லை. மரத்தை எரித்து, சாம்பலை மண்வெட்டியால் கொத்திப் புதைத்து, புல்லையும் களையையும் புரட்டி மட்கவிட்டு, வைக்கோலைக் குழியில் உரமாக்கிக் கோதுமை விதைத்திருக்கிறார். மன்னார்குடிப் பக்கம் நாற்பது வருஷம் வயலில் நின்றவன் நான். அந்த இடுப்புவலி எனக்குத் தெரியும். 1791இல் அரசுக் கிடங்கின் உணவு இனி வேண்டாம் என்று சொல்லிவிட்டார். 30 ஏக்கர் அவர் பெயருக்கு வந்தது.

அது பர்ரமட்டகல் என்ற பூர்வகுடி மக்களின் மண். அவர்களை யாரும் கேட்கவில்லை. பேத்திக்கு ரூஸின் உழைப்பைச் சொன்னபோது இதையும் சேர்த்தே சொன்னேன். பேரப்பிள்ளைகளைப் பார்க்க இங்கே வருகிறவர்கள் ஒரு சாயங்காலம் அவர்களோடு அங்கே நடந்துவிட்டு வாருங்கள்.

ஓய்வுபெற்ற விவசாயி,
ஹாரிஸ் பார்க், சிட்னி