டெல்டா வீடியோ ஸ்டுடியோக்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

தஞ்சாவூர், திருவாரூர், நாகை, மயிலாடுதுறை ஸ்டுடியோ அண்ணன்மார்களுக்கு வணக்கம்.

நான் ஆவணப்படங்களுக்கு எடிட்டிங் செய்பவன். பழைய காட்சி தேடி அலைவதே என் வேலையில் பாதி. போன மாதம் மன்னார்குடிப் பக்கம் ஒரு ஸ்டுடியோவுக்குப் போனேன். எட்டு மூட்டை கேசட் ஏற்கெனவே காயலான் கடைக்குப் போய்விட்டது. "எல்லாம் கல்யாண கேசட்தானே தம்பி" என்றார் அண்ணன். மேசைக்கடியில் ஒன்றே ஒன்று மிஞ்சிக் கிடந்தது.

போட்டுப் பார்த்தேன். திரையின் மூலையில் 23.1.1994 என்று தேதி. மாப்பிள்ளை கார் வரத் தாமதம் போலிருக்கிறது. கேமராக்காரர் சும்மா நிற்காமல் எதிர்ப்பக்கம் களத்தைப் பிடித்திருக்கிறார். நாற்பது விநாடி. மாடு கட்டிப் போரடிக்கிறார்கள். சாணி நெல்லில் விழாமல் ஏந்துவதற்காக ஒரு பையன் கை நிறைய வைக்கோலோடு மாட்டுக்குப் பின்னாலேயே ஓடுகிறான். அரசு நியூஸ்ரீல்களில் நான் தேடியபோதெல்லாம் அணை திறப்பும் அமைச்சரும்தான் கிடைத்தார்கள். இந்தப் பையன் கிடைக்கவில்லை.

ஆனால் மேலே ஒரு சினிமாப் பாட்டு! மாட்டு மணியும் பந்தலில் வாசித்த நாதஸ்வரமும் அதற்கடியில் போயே போய்விட்டன. அந்தப் பாட்டோடு படத்தில் சேர்த்தால் இசை நிறுவனத்துக்குத் தனியாகப் பணம் கட்ட வேண்டும். பாட்டும் டிசைனும் சேர்க்கும் மிக்ஸர் மெஷினுக்குப் போகாத முதல் டேப் எங்கே என்று கேட்டேன். அடுத்த கல்யாணத்தை அதன் மேலேயே எடுத்துவிட்டார்களாம். அன்றைக்கு டேப் விற்ற விலைக்கு யாரைக் குறை சொல்வது? (பையன் மேல் இதய வடிவம் விரிவதை மட்டும் என்னால் மன்னிக்க முடியவில்லை.)

அதனால் கேட்கிறேன். எடிட் செய்யாத டேப் இருந்தால் அதை முதலில் காப்பாற்றுங்கள். நம்மூர் ஈரத்துக்குத் தரையில் அடுக்காமல், பரண் மேல் நிற்க வையுங்கள். உள்ளே வெள்ளையாகப் பூத்திருந்தால் அது பூஞ்சை; மெஷினில் போடாதீர்கள், டேப்பைப் படிக்கும் ஹெட் கெட்டு அடுத்த கேசட்டும் போய்விடும். மெஷினையும் விற்றுவிடாதீர்கள். கடைசியாக வி.சி.ஆர். செய்துகொண்டிருந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனமே 2016 ஜூலையில் நிறுத்திவிட்டது. காப்பி எடுத்தால் பழைய டி.வி.யின் 4:3 அகல உயரம் அப்படியே இருக்கட்டும். அகலத்திரைக்கு இழுத்தால் கல்யாணப் பெண் பூசணிக்காயாகிவிடுகிறாள்.

அப்புறம் பில் புத்தகம். கேசட்டைவிட அதைத்தான் பலர் முதலில் எடைக்குப் போடுகிறார்கள். 1957 பதிப்புரிமைச் சட்டப்படி, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், காசு கொடுத்து எடுக்கச் சொன்னவருக்குத்தான் முதல் உரிமை. அதாவது கல்யாண வீட்டாருக்கு. உங்களுக்கும் இல்லை, எனக்கும் இல்லை. அவர்கள் சம்மதிக்காமல் ஒரு விநாடியும் நான் எடுக்க முடியாது.

அந்தக் கேசட்டில் பெயர் ஓடும் இடத்தில் டேப் கசங்கிவிட்டது. உறை மேல் 217 என்று பேனாவால் எழுதியிருக்கிறது. 217 யார் வீட்டுக் கல்யாணம் என்று சொல்ல வேண்டிய பில் புத்தகம் அந்த எட்டு மூட்டையோடு போய்விட்டது.