மயிலை கண்ணை மூட வேண்டாம்

அன்புள்ள கமலா,

உன் கையெழுத்துப் பிரதி வந்து சேர்ந்தது. கண்புரை எடுத்தாகிவிட்டது, சொட்டு மருந்து இன்னும் நிற்கவில்லை, வெயிலில் கொஞ்சம் கூசுகிறது. மற்றபடி சௌக்கியம். மருமகள் வேலைக்குத் திரும்பிவிட்டாளா, பேத்தியை யார் பார்த்துக்கொள்கிறார்கள் என்று அடுத்த கடிதத்தில் எழுது. இனி நீ எழுதிய குழந்தைக் கதைக்கு வருகிறேன்.

மயிலை என்ற வண்டிமாடும், மாட்டோடு திரியும் உண்ணிக்கொக்கும் நல்ல ஜோடி. ஆனால் கதையின் கடைசிப் பத்தியில் மாடு செத்து, அதோடு கதையும் முடிகிறது. இதைத்தான் முதலில் மாற்ற வேண்டும். ஏழு, எட்டு வயதுக் குழந்தையைச் சாவின் வாசலில் கொண்டுபோய் நிறுத்திவிட்டு நாம் புத்தகத்தை மூடக்கூடாது. ஒரு பன்றியின் உயிரைக் காக்கும் ஷார்லட் என்ற சிலந்தியைப் பற்றி ஈ. பி. ஒயிட் 1952-இல் எழுதிய 'ஷார்லட்ஸ் வெப்' உன் அலமாரியில் இருக்குமே, அதை எடுத்து அத்தியாயங்களை எண்ணிப் பார். மொத்தம் 22. சிலந்தி சாவது 21-இல். அதற்குப் பிறகு ஒரு முழு அத்தியாயம் இருக்கிறது. அதில் பனிக்காலம் கழிகிறது, முட்டைப்பை பொரிகிறது, குஞ்சுகள் நூல் விட்டுக் காற்றில் பறந்துபோகின்றன, மூன்று மட்டும் கொட்டகையிலேயே தங்குகின்றன. உன் கதை சுமார் 2,800 சொல். மயிலையின் சாவை இரண்டாயிரத்தை ஒட்டி வை. மிச்சமிருக்கும் எண்ணூறு சொல் அதற்குப் பிறகான நாட்களுக்கு.

அந்த நாட்களை நிரப்ப மறுநாளே ஒரு கன்றுக்குட்டியைத் தொழுவத்தில் கட்டிவிடாதே. போன உயிருக்குப் பதில் இன்னொன்று கடையில் கிடைக்கும் என்றுதான் குழந்தை புரிந்துகொள்ளும். தங்கிய மூன்று சிலந்திகளையும் பன்றிக்குப் பிடித்திருந்தாலும் ஷார்லட்டின் இடத்தை அவை நிரப்பவில்லை என்பதை ஒயிட் மறைக்கவில்லை. தையில் மாடு போனால் ஆடி வரைக்கும் கட்டுத்தறி காலியாகவே கிடக்கட்டும்.

சாவு எங்கிருந்தோ வந்து விழுவது அடுத்த குறை. ஒயிட் முதல் பக்கத்திலேயே கோடரியைக் கொண்டுவந்துவிடுகிறார். சவலைப் பன்றிக்குட்டியைக் கொல்ல அப்பா கிளம்புகிறார், மகள் ஓடிப்போய்த் தடுக்கிறாள். ஏழாவது அத்தியாயத்தில், பன்றியைக் கொழுக்க வைப்பது எதற்காக என்று ஒரு கிழட்டு ஆடு பச்சையாகச் சொல்லிவிடுகிறது. பதினைந்தாவதில் சுவர்க்கோழிகள் கோடை முடிகிறது என்று கத்த, தனக்கு அதிக நாள் இல்லை என்று சிலந்திக்குத் தெரிந்துவிடுகிறது. இந்தப் படிகளில் ஏறி வந்த பிறகுதான் 21-ஆம் அத்தியாயம். அதற்கு அவர் முதலில் சாவைச் சொல்லும் தலைப்பே வைத்திருந்தார். பதிப்பாசிரியர் உர்சுலா நார்ட்ஸ்ட்ராம் யோசனை சொல்லி அது 'கடைசி நாள்' ஆயிற்று. முன்கூட்டியே தயார்ப்படுத்துவது வேறு, தலைப்பிலேயே போட்டு உடைப்பது வேறு.

உனக்கும் மூன்று அறிகுறி போதும். மாட்டிடமே அவை கிடைக்கும். வயதான மாட்டுக்குப் பல் தேய்ந்துவிடும். வைக்கோலை அரைக்க முடியாமல் பாதி மென்ற சுருணையைக் கீழே துப்பும். அது முதல் அறிகுறி. தவிடும் கஞ்சியுமாகத் தீனி மாறுவது இரண்டாவது. எழும்போது திணறுவது மூன்றாவது. நீ மயிலையை முன்னங்காலை ஊன்றி எழ வைத்திருக்கிறாய், அது குதிரை எழுகிற விதம். மாடு முன் முழங்காலை மடக்கி ஊன்றி, பின்பக்கத்தைத்தான் முதலில் தூக்கும். அப்புறம் நான்காம் பக்கத்தில் அது மேல் பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிறது! மாட்டுக்கு மேல்வரிசையில் முன்பல்லே கிடையாது. கீழே எட்டு இருக்கும். ரெண்டு பல், நாலு பல், ஆறு பல், கடைசேர்ந்தது என்று சந்தையில் வயது கணக்கிடுவது அதை வைத்துத்தானே. கிராமத்துப் பிள்ளை ஒருத்தி கேட்டுக்கொண்டிருந்தால் அந்த வரியிலேயே உன்னை நம்புவதை விட்டுவிடுவாள். மாட்டின் பல்லில் நம்பாதவள், மாட்டின் சாவில் நீ சொல்லும் ஆறுதலை எப்படி நம்புவாள்? ஒயிட் எழுதுமுன் சிலந்திகளைப் பற்றித் தேடித் தேடிப் படித்தார், தன் பண்ணையில் நேரில் கவனித்தார். 514 முட்டை என்று எண்ணிச் சொல்கிற துணிச்சல் அதனால் வந்தது.

கடைசி இரவில் மயிலை பக்கவாட்டில் நீட்டிப் படுத்து விடியும்வரை அமைதியாகக் கிடக்கிறது என்று எழுதியிருக்கிறாய். அப்படிக் கிடந்தால் ஏப்பம் வெளியேறாமல் வயிறு உப்பிவிடும். வீட்டுக்காரர்கள் வைக்கோல் மூட்டையை அண்டக்கொடுத்து, நெஞ்சு தரையில் படும்படி நிமிர்த்தி வைப்பார்கள், சில மணி நேரத்துக்கு ஒருமுறை பக்கம் மாற்றுவார்கள். இது உனக்கு லாபம்தான். உன் கதையில் அழுதுகொண்டு சும்மா நிற்கும் பையனுக்கு ஒரு வேலை கிடைக்கிறது. மூட்டையை அவன் தள்ளட்டும்.

அவன் ஒருநாள் தண்ணீர் காட்ட மறந்ததும் மறுநாள் மாடு படுத்ததும் அடுத்தடுத்து வருகின்றன. உனக்கு அது தற்செயல், படிக்கிற பிள்ளைக்கு அது காரணம். நான் கோபத்தில் திட்டினேன், அதனால்தான் தாத்தா செத்துப்போனார் என்று மனசுக்குள் முடிச்சுப் போட்டுக்கொண்டிருக்கும் குழந்தைகள் நிறைய. தண்ணீர்ச் சம்பவத்தை எடுத்துவிடு. இல்லாவிட்டால் பெரியவர் யாராவது, வயதாகிவிட்டது, பல் போய்விட்டது, உன் தண்ணீரால் இல்லை என்று நேராகவே சொல்லட்டும். ஷார்லட் சாவதற்கும் யாரும் காரணமில்லை. முட்டையிட்ட பிறகு இலையுதிர் காலத்தில் அந்தச் சிலந்தியின் ஆயுள் முடிகிறது, அவ்வளவுதான்.

கொக்கைப் பற்றி. பெயர்தான் உண்ணிக்கொக்கு, அது பிழைப்பதோ பெரும்பாலும் மாட்டின் குளம்படியில் கிளம்பும் வெட்டுக்கிளியை வைத்து. மாடு படுத்துவிட்டால் அதற்கு இரை குறையும். பகலில் வேறு மாடுகளின் பின்னால் போயாக வேண்டும், இருட்டினால் கூட்டத்தோடு மரத்தில் அடைய வேண்டும். ஆகவே இரவெல்லாம் அது மயிலையின் தலைமாட்டில் உட்கார்ந்திருக்காது. உட்கார வைக்காதே. சந்தை கலைந்த திடலில் சிலந்தி சாகும்போது அதன் பக்கத்தில் யாருமே இல்லை, ஒயிட் அதை ஒளிக்காமல் சொல்கிறார். 1970-இல் அந்தப் புத்தகத்தைத் தானே வாசித்துப் பதிவு செய்தபோது அந்த இடத்தில் குரல் உடைந்து 17 முறை வாசிக்க வேண்டியிருந்ததாம். பாட்டி போன நேரத்தில் பள்ளிக்கூடத்தில் இருந்த பிள்ளைக்கு, கொக்கு மரத்தில் இருந்தபோது மயிலை போனது என்பது பெரிய துணை.

அந்த வரிக்கு வருகிறேன். 'மயிலை கண்ணை மூடியது' என்று எழுதியிருக்கிறாய். எப்போது திறக்கும் என்பதுதான் அடுத்த கேள்வியாக இருக்கும். 'தூங்கிவிட்டது' இன்னும் மோசம், அன்று ராத்திரி குழந்தை படுக்கவே பயப்படும். 'சாமி கூப்பிட்டுக்கொண்டார்' என்றால் சாமி அடுத்து யாரைக் கூப்பிடுவார் என்ற கவலை வந்துவிடும். செத்த உயிர் திரும்பாது, உடம்புக்குப் பசியோ குளிரோ வலியோ இனி இல்லை, எல்லா உயிருக்கும் இது உண்டு என்பதெல்லாம் பெரும்பாலான குழந்தைகளுக்கு ஐந்து முதல் ஏழு வயதுக்குள்தான் ஒவ்வொன்றாகப் பிடிபடுகிறது. அந்த வயதில் போய் மழுப்பலாமா? 'விடியுமுன் மயிலை இறந்துபோனது.' இவ்வளவு போதும். அடுத்த வரியில் மூச்சு நின்றது, காது அசையவில்லை. அதற்கு மேல் உவமை கிவமை வேண்டாம்.

அப்புறம் கொக்கு ஒரு பக்கம் முழுக்க நிலையாமை பேசுகிறதே, முழுவதையும் அடித்துவிடு. அது கொக்கின் பேச்சே இல்லை, உன்னுடையது. ஜூடித் வியோர்ஸ்ட் 1971-இல் எழுதிய ஒரு சின்னப் படக்கதையில் பார்னி என்ற பூனை செத்துப்போகிறது. அதைப் பற்றிப் பத்து நல்ல விஷயம் யோசித்து வை என்று அம்மா பையனிடம் சொல்கிறாள். அவனுக்கு ஒன்பதுதான் கிடைக்கிறது. தோட்டத்தில் அப்பாவோடு விதை போடும்போது பத்தாவது வருகிறது: பார்னி மண்ணில் பூ வளர உதவுகிறது. சூசன் வார்லியின் 1984-ஆம் வருஷத்துக் கதையில், வளைக்கரடி (பேட்ஜர்) போன பிறகு ஒவ்வொரு விலங்கும் அது தனக்குக் கற்றுத்தந்த ஒன்றைச் சொல்கிறது: காகிதத்தில் மாலை வெட்டுவது, பனியில் சறுக்குவது, டை கட்டுவது. நம் ஒப்பாரியும் இந்த வழியில்தான் போகிறது. அங்கே யாரும் உலகம் நிலையற்றது என்று அழுவதில்லை. நீ வாங்கி வந்த வளையல், நீ வெட்டிய கிணறு என்று ஒவ்வொன்றாக அடுக்கித்தான் அழுகிறார்கள்.

உன் கொக்குக்கும் ஐந்தாறு சாமான் கொடு. முதுகில் உட்கார்ந்திருக்கும்போது வாலை ஓங்காமல் காதால் மட்டும் ஈ ஓட்டியது, கொம்பில் ஒரு நுனி மழுங்கியது, சேற்றில் சக்கரம் சிக்கினால் மூச்சு விட்ட விதம். தென்னந்தோப்பு ஓரத்தில் ஆறடிக் குழி வெட்டிப் புதைத்ததை நீ சொன்னது சரி, பிள்ளைகளுக்கு உடம்பு எங்கே போயிற்று என்று தெரிய வேண்டும். ஆனால் அடுத்த பக்கத்திலேயே தென்னையில் குலை தள்ள வைத்தால் பார்னியின் நகலாகிவிடும். இடத்தைச் சொல்லிவிட்டு நிறுத்து.

சிரிப்பையும் விட்டுவிடாதே. ஒயிட் கதையில் சிலந்தி வலையில் பின்னுவதற்கான சொற்களைக் குப்பைமேட்டிலிருந்து பொறுக்கி வரும் எலி, கடைசி வரைக்கும் தின்னி. முட்டைப்பையைக் காப்பாற்றக்கூட, இனித் தொட்டியில் முதல் சாப்பாடு தனக்கு என்று பேரம் பேசித்தான் ஏறுகிறது. சாவுக்குப் பக்கத்திலேயே அந்தக் கிண்டல் இருப்பதால் மூச்சு விட முடிகிறது. உன் கதையில் வண்டிக்காரரின் ஆடு அதற்குத் தோதான ஆள்.

நூலகத்தில் வாசிக்கப்போவதாகச் சொன்னாய். சாவும் அதற்குப் பிந்தைய பகுதியும் ஒரே அமர்வில் முடியட்டும், பாதியில் நிறுத்தி வீட்டுக்கு அனுப்பாதே. சமீபத்தில் வீட்டில் யாரையாவது பறிகொடுத்த குழந்தை இருந்தால் முன்னமே அந்த வீட்டாரிடமும் குழந்தையிடமும் கதையைச் சொல்லிவிடு, வேண்டாமென்றால் எழுந்து போக வழி வை. முடிந்ததும் என்ன கற்றுக்கொண்டீர்கள் என்று கேட்காதே. காகிதமும் கிரேயானும் மேஜையில் இருக்கட்டும்.

படம் வரைபவரிடம், மயிலைக்கு முன்பல் கீழ்வரிசையில் மட்டும் என்று சொல்லிவிடு. இனப்பெருக்கக் காலத்தில் கொக்கின் தலையும் கழுத்தும் செம்மஞ்சளாகும், மற்ற நாளில் வெள்ளை, காட்சிக்கு ஏற்றபடி நிறம் மாறட்டும். திருத்திய பிரதியை இரண்டு வரி இடைவெளி விட்டுத் தட்டச்சு செய்து அனுப்பு, கண்ணுக்குச் சௌகரியமாக இருக்கும்.

அன்புடன்,
சரஸ்வதி