ஐஸ் ஹவுஸில் படித்த விதவைப் பெண்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

மெரினா பக்கம் போகிறவர்கள் ஐஸ் ஹவுஸ் என்கிற விவேகானந்தர் இல்லத்தைக் காட்டி, "அமெரிக்காவிலிருந்து வந்த ஐஸ் கட்டிகளை இங்கேதான் வைத்தார்கள்", "1897இல் சுவாமிஜி தங்கினார்" என்று சொல்வார்கள். சரி, அப்புறம்? 1917 முதல் அதே கட்டடத்தில் இளம் விதவைகள் தங்கிப் படித்தார்கள். அதை ஏன் விட்டுவிடுகிறோம்?

அந்த விடுதியை நடத்திய சகோதரி சுப்புலட்சுமியும் சிறுவயதிலேயே கணவரை இழந்தவர்தான். அவரை மூலையில் உட்கார வைக்காமல் அப்பா படிக்க வைத்தார். 1911இல் மாநிலக் கல்லூரியில் பி.ஏ. முடித்தார். அன்றைய சென்னை மாகாணத்தின் முதல் இந்துப் பெண் பட்டதாரி அவர்தான். பட்டத்தோடு நிற்காமல், எழும்பூரில் தன் வீட்டிலேயே நான்கைந்து பெண்களைச் சேர்த்துக்கொண்டு அந்த விடுதியை ஆரம்பித்தார். கூடவே நின்றவர் அவருடைய சித்தி வாலாம்பாள். அவரும் விதவை. அந்தச் சித்தியின் பெயரை யாருமே சொல்வதில்லை என்பதுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

மொட்டையடித்து, வெள்ளைப் புடவை கட்டி, அடுப்படியே கதியென்று இருக்கவேண்டிய பெண்கள் அங்கே படித்து டீச்சர் ஆனார்கள். மெரினாவுக்குப் பிள்ளைகளைச் சுற்றுலா கூட்டிவரும் ஆசிரியர்கள், அந்த வாசலில் ஐந்து நிமிடம் நின்று இந்தக் கதையையும் சொல்ல வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
திருவல்லிக்கேணி